பேஸ்பால் ஆட்டத்துக்கு முன்னோட்டம் எழுதுவது எப்படி? ரிக்லி ஃபீல்டை வைத்து ஒரு செய்முறை

"புள்ளிப் பட்டியலில் கப்ஸ் மேலே இருக்கிறது, அதனால் நாளை கப்ஸுக்குத்தான் வாய்ப்பு" என்று எழுதினால் ரசிகருக்குப் புதிதாக எதுவும் கிடைக்காது. வட அமெரிக்காவின் முதன்மை பேஸ்பால் லீக்கான எம்.எல்.பி.யில் ஒரு அணி சீசனுக்கு 162 ஆட்டம் ஆடுகிறது. தலைசிறந்த அணிகளே நூற்றுக்கு அறுபதை ஒட்டித்தான் ஜெயிக்கின்றன. மோசமான அணிகளும் பெரும்பாலும் நூற்றுக்கு முப்பத்தைந்து, நாற்பது ஆட்டங்களை ஜெயித்துவிடுகின்றன. அப்படியிருக்க, பட்டியலை மட்டும் பார்த்து ஒரே ஒரு நாள் ஆட்டத்தைப் பற்றிப் பெரிதாக எதையும் சொல்ல முடியாது.

கிரிக்கெட் தொடரில் அதே பந்துவீச்சாளர்களை ஆட்டத்துக்கு ஆட்டம் பார்க்கிறோம். பேஸ்பாலில் தொடக்கப் பிட்சர் ஐந்து ஆறு நாளுக்கு ஒரு முறைதான் வருவார். அவருக்குப் பின்னால் வரும் ரிலீவர்களில் யாருக்குக் கை களைத்திருக்கிறது, யாருக்குக் களைக்கவில்லை என்பதும் தினம் மாறும். ஆகவே முன்னோட்டம் என்பது "நாளைக்கு" எந்த அணி களத்தில் நிற்கும் என்று கண்டுபிடிக்கிற வேலை. சீசன் முழுக்க அது எப்படி ஆடியது என்பது அதற்கு அடுத்துத்தான்.

எடுத்துக்காட்டுக்குச் சிகாகோவின் ரிக்லி ஃபீல்ட் மைதானத்தையே எடுத்துக்கொள்வோம். ஆடுவது சிகாகோ கப்ஸும் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸும். பகல் 1:20 ஆட்டம்.

படி 1: நேரத்தையும் தேதியையும் சரிபாருங்கள்

சிகாகோவில் பகல் 1:20 என்றால் இந்தியாவில் அதே நாள் இரவு 11:50. நியூயார்க்கில் இரவு 7:05 என்றால் இங்கே மறுநாள் விடியற்காலை 4:35. லாஸ் ஏஞ்சலிஸில் இரவு 7:10 என்றால் மறுநாள் காலை 7:40. தவறு நடப்பது மணியில் இல்லை, தேதியில். "வெள்ளிக்கிழமை ஆட்டம்" என்று மட்டும் எழுதாமல் இரண்டு ஊர்க் கிழமையையும் போடுங்கள். அரிசோனாவில் கோடை நேர மாற்றம் கிடையாது. அதனால் சீசன் முழுக்க அங்கே லாஸ் ஏஞ்சலிஸ் நேரம்தான்.

படி 2: தொடக்கப் பிட்சர் யார்?

எம்.எல்.பி. தளத்தில் அடுத்த சில நாள்களுக்கான தொடக்கப் பிட்சர்களின் பட்டியல் இருக்கும். அது உத்தேசப் பட்டியல்தான், மாறக்கூடும். ஒரு அணியின் பக்கத்தில் பெயரே இல்லையென்றால் ஏன் என்று பாருங்கள். முந்தைய ஆட்டம் மழையில் தள்ளிப்போயிருக்கலாம், கீழ்நிலை அணியிலிருந்து யாரையாவது அழைக்கப்போகலாம், அல்லது அது "ஓப்பனர்" முறையாக இருக்கலாம். ஓப்பனர் என்றால் ஒரு ரிலீவர் முதல் இன்னிங்ஸை மட்டும் வீசிவிட்டுப் போவார். அடுத்து வருபவர்தான் நீண்ட நேரம் வீசுவார். 2018இல் டாம்பா பே ரேஸ் அணி இதைப் பிரபலமாக்கியது. ஓப்பனரின் புள்ளிவிவரங்களை அலசிப் பக்கத்தை நிரப்பினால் ஆட்டத்தின் பெரும்பகுதியை வீசப்போகும் ஆளை விட்டுவிடுவீர்கள்.

படி 3: பிட்சரின் எண்களைப் படியுங்கள்

எல்லோரும் முதலில் பார்ப்பது ஈ.ஆர்.ஏ. ஃபீல்டிங் பிழையில்லாமல் விட்ட ரன்களை 9ஆல் பெருக்கி, வீசிய இன்னிங்ஸால் வகுத்தால் அது கிடைக்கும். புதியவர்கள் தடுக்கி விழும் இடம் இன்னிங்ஸ் புள்ளி. 5.2 என்று போட்டிருந்தால் ஐந்து இன்னிங்ஸும் இரண்டு அவுட்டும் என்று பொருள், அதாவது ஐந்தும் மூன்றில் இரண்டு பங்கும். ஒருவர் மூன்று ஆட்டங்களில் 5.2, 6.1, 4.0 இன்னிங்ஸ் வீசி 8 ரன் விட்டார் என்று வைத்துக்கொள்ளுங்கள். சாதாரண தசமமாகக் கூட்டினால் 15.3 வரும், ஈ.ஆர்.ஏ. 4.71 ஆகிவிடும். உண்மையில் மொத்தம் 16 இன்னிங்ஸ், ஈ.ஆர்.ஏ. 4.50.

இன்னொன்று. 60 இன்னிங்ஸில் 20 ரன் விட்டவரின் ஈ.ஆர்.ஏ. 3.00. ஒரே ஒரு நாள் இரண்டு இன்னிங்ஸில் 7 ரன் வாங்கினால் அது 3.92க்குத் தாவிவிடும். ஆள் மாறவில்லை, எண் மாறிவிட்டது. அதனால் ஈ.ஆர்.ஏ.வை ஒரு வரியில் சொல்லிவிட்டு, ஸ்ட்ரைக்அவுட் (மூன்று ஸ்ட்ரைக்கில் பேட்டரை அவுட்டாக்குவது) சதவீதத்திலிருந்து வாக் (தவறான நான்கு பந்தால் பேட்டர் சும்மா முதல் பேஸுக்குப் போவது) சதவீதத்தைக் கழித்துப் பாருங்கள். லீக் சராசரி 14ஐ ஒட்டி இருக்கும். 20க்கு மேலே என்றால் அபாரமான பிட்சர். 10க்குக் கீழே என்றால், ஈ.ஆர்.ஏ. எவ்வளவு அழகாக இருந்தாலும் சந்தேகப்படுங்கள். ஃபீல்டர்களும் அதிர்ஷ்டமும் அவரைத் தாங்கிக்கொண்டிருக்கலாம்.

பிறகு பேஸ்பால் சவான்ட் என்ற புள்ளிவிவரத் தளத்தைத் திறந்து மூன்று விஷயங்களைக் குறித்துக்கொள்ளுங்கள். எந்தப் பந்தை எவ்வளவு வீசுகிறார்? கடைசி இரண்டு ஆட்டங்களில் ஃபாஸ்ட்பால் வேகம் சீசன் சராசரியிலிருந்து மணிக்கு ஒரு மைலுக்கு மேல் குறைந்திருக்கிறதா? பேட்டர்கள் அவர் பந்தை அதிகம் தரையில் அடிக்கிறார்களா, வானத்தில் அடிக்கிறார்களா? இந்த மூன்றாவது கேள்வி ரிக்லியில் மிக முக்கியம், காற்றுக்கு வரும்போது தெரியும். ஏப்ரல் குளிரில் வேகம் எல்லோருக்கும் கொஞ்சம் குறையும், அதை உடனே காயம் என்று எழுதிவிடாதீர்கள்.

படி 4: எந்தக் கை, எந்த லைன்அப் (பேட்டிங் வரிசை)

வலதுகை பேட்டருக்கு இடதுகை பிட்சர் பந்து எளிது, இடதுகை பேட்டருக்கு வலதுகை பிட்சர் பந்து எளிது. பந்து கையிலிருந்து புறப்படுவதை நன்றாகப் பார்க்க முடிவதும், வளைந்து தன் பக்கமே வருவதும் காரணம். இடதுகைத் தொடக்கப் பிட்சர் வருகிறார் என்றால் எதிரணி மேனேஜர் வலதுகை பேட்டர்களை நிறைய இறக்குவார். அப்போது பிட்சரிடம் நல்ல சேஞ்ச்அப் (வேகம் குறைத்து ஏமாற்றும் பந்து) இருக்கிறதா என்று பாருங்கள். ஸ்லைடர் (பக்கவாட்டில் வளையும் பந்து) தன் கைப் பக்கத்து பேட்டரைத்தான் திணறடிக்கும். எதிர்க்கை பேட்டரைச் சமாளிக்க சேஞ்ச்அப்தான் கைகொடுக்கும்.

இரவு ஆட்டத்துக்கு மறுநாளே பகல் ஆட்டம் வந்தால் முதன்மை கேட்சருக்கு (கிரிக்கெட்டின் விக்கெட் கீப்பர் போன்றவர்) பெரும்பாலும் ஓய்வு கொடுப்பார்கள். ரிக்லியில் பகல் ஆட்டங்கள் அதிகம் என்பதால் இது அடிக்கடி நடக்கும்.

"இந்த பேட்டர் அந்தப் பிட்சருக்கு எதிராக 9 முறை ஆடி 5 ஹிட் அடித்திருக்கிறார்" என்ற புள்ளிவிவரத்தை விட்டுவிடுங்கள். ஒன்பது என்பது ஒரு முடிவுக்கு வரப் போதாத எண்ணிக்கை. தொலைக்காட்சியில் ஓயாமல் காட்டுகிறார்கள் என்பதால் அது சான்று ஆகிவிடாது.

படி 5: புல்பென் (ரிலீவர்கள்) கணக்கு

பெரும்பாலான முன்னோட்டங்கள் கோட்டைவிடுவது இங்கேதான். தொடக்கப் பிட்சர் ஐந்து, ஆறு இன்னிங்ஸோடு போய்விடுவார். பேட்டர்கள் ஒரே பிட்சரை மூன்றாவது முறை சந்திக்கும்போது நன்றாக அடிக்கிறார்கள் என்பது தெரிந்த விஷயம். அதனால் 18 பேட்டர்களைத் தாண்டியதுமே பல மேனேஜர்கள் புல்பென் தொலைபேசியை எடுத்துவிடுகிறார்கள். மிச்சம் மூன்று நான்கு இன்னிங்ஸ் ரிலீவர்கள் கையில்.

ஒரு தாளில் கோடு போட்டு ஒவ்வொரு ரிலீவர் பெயருக்கும் எதிரே கடைசி மூன்று நாளில் வீசிய பந்துகளை எழுதுங்கள். ஆட்டம் வெள்ளிக்கிழமை என்றால் செவ்வாய், புதன், வியாழன். தகவல் அந்தந்த ஆட்டத்தின் பாக்ஸ் ஸ்கோரில் (ஸ்கோர் அட்டை) இருக்கும். க்ளோசருக்கு (கடைசி இன்னிங்ஸில் முன்னிலையைக் காக்க வரும் ரிலீவர்) நேராக 0, 19, 24 என்று வந்தால் அவர் தொடர்ந்து இரண்டு நாள் வீசியிருக்கிறார். மூன்றாம் நாளும் வருவது அரிது. முந்தைய நாள் மட்டும் 32 பந்து வீசியவரும் அநேகமாக உட்கார்ந்திருப்பார். 0, 11, 0 என்று இருப்பவர் தயார்.

இப்போது அடுத்த கேள்வி: க்ளோசர் இல்லையென்றால் ஒன்பதாவது இன்னிங்ஸ் யாருக்கு? கடந்த சில வாரத்தில் ஒரு ரன், இரண்டு ரன் முன்னிலையில் எட்டாவது இன்னிங்ஸை வீசியவரைத் தேடுங்கள். எட்டு ரன் முன்னிலையில் வந்து சுத்தமாக வீசியவரை அந்த இடத்தில் வைத்துப் பேசாதீர்கள். மேனேஜரின் நம்பிக்கை யார் மேல் என்பது நெருக்கமான ஆட்டத்தில்தான் தெரியும்.

2020 முதல் ஒரு ரிலீவர் குறைந்தது மூன்று பேட்டருக்காவது வீச வேண்டும், அல்லது இன்னிங்ஸ் முடிய வேண்டும். ஒரு இடதுகை பேட்டரை மட்டும் வீழ்த்துவதற்காக ஒரு பிட்சரைக் கொண்டுவந்து உடனே மாற்றும் தந்திரம் அதோடு போயிற்று. எனவே லைன்அப்பில் இடதுகை பேட்டர்கள் அடுத்தடுத்து இருக்கிறார்களா, இடையிடையே வலதுகை பேட்டர்கள் வருகிறார்களா என்று பார்த்து எழுதுங்கள்.

முந்தைய நாள் ஆட்டம் ஒன்பதைத் தாண்டிக் கூடுதல் இன்னிங்ஸ் போயிருந்தால் வீரர் மாற்றப் பட்டியலையும் பாருங்கள். 26 பேர் கொண்ட அணியில் பிட்சர்கள் அதிகபட்சம் 13 பேர். புது ஆள் வேண்டுமானால் ஒருவரைக் கீழ்நிலை அணிக்கு அனுப்ப வேண்டும். அப்படி அனுப்பப்பட்ட பிட்சர், யாருக்காவது காயம் என்றால் தவிர, 15 நாளுக்குத் திரும்ப முடியாது.

மேனேஜர்கள் இதையெல்லாம் வெளியே சொல்ல மாட்டார்கள். "க்ளோசர் இல்லை" என்று அடித்துச் சொல்லாமல், "இரண்டு நாளில் 43 பந்து வீசியிருப்பதால் வர வாய்ப்பு குறைவு" என்று காரணத்தோடு எழுதுங்கள்.

படி 6: மைதானமும் காற்றும்

1914இல் திறந்த ரிக்லி ஃபீல்ட் மிச்சிகன் ஏரிக்குப் பக்கத்தில் இருக்கிறது. பேட்டர் நிற்கும் ஹோம் பிளேட்டிலிருந்து வேலிக்கு இடது ஓரம் 355 அடி, வலது ஓரம் 353 அடி, நடு 400 அடி. ஓரங்கள் தூரம், ஆனால் ஓரத்துக்கும் நடுவுக்கும் இடைப்பட்ட இடம் இரண்டு பக்கமும் 368 அடிதான். காற்று வெளியே தள்ளும் நாளில் அந்த 368 அடி ரொம்பப் பக்கமாகிவிடும். 1979 மே 17 அன்று அப்படியொரு காற்றில் ஃபிலடெல்ஃபியா ஃபில்லிஸ் கப்ஸை 23–22 என்று பத்து இன்னிங்ஸில் வென்றது. காற்று ஏரியிலிருந்து உள்ளே வீசும் நாளில், நன்றாகப் பட்ட பந்துகூட வேலிக்கு முன்னால் கேட்ச் ஆகிவிடும்.

திசையைப் படிப்பதில்தான் பலர் தலைகீழாக எழுதிவிடுகிறார்கள். வானிலை அறிக்கையில் "தென்மேற்குக் காற்று" என்றால் தென்மேற்கிலிருந்து வருகிற காற்று. ரிக்லியில் ஹோம் பிளேட்டிலிருந்து நடு வேலியைப் பார்த்தால் முகம் வடகிழக்கே இருக்கும். ஆகவே தென்மேற்குக் காற்று பந்தை வெளியே தள்ளும், வடகிழக்குக் காற்று உள்ளே தள்ளும். ஓ'ஹேர் விமான நிலைய அறிக்கையை நம்ப வேண்டாம். அது ஏரியை விட்டுத் தள்ளி உள்ளே இருக்கிறது. அங்கே ஒரு திசையில் வீசும்போதே ஏரிக்கரையில் எதிர்த் திசையில் வீசலாம். ஏரிக்கரைப் பகுதிக்கான மணிவாரி அறிக்கையை எடுங்கள். வேகம் மணிக்கு 10 மைலுக்குள் இருந்தால் ஒரு வரியோடு நிறுத்துங்கள்.

இப்போது படி 3இல் குறித்ததைக் கொண்டுவாருங்கள். வெளியே தள்ளும் காற்றில், பந்தை வானத்தில் அடிக்கவிடும் பிட்சருக்கு ஆபத்து. சிங்கர் (கீழே இறங்கும் பந்து) வீசி தரையில் அடிக்கவைப்பவரைக் காற்று அவ்வளவாகத் தொடாது.

மற்ற மைதானங்களுக்கும் இதே போல அதற்கென்று ஒரு கேள்வி உண்டு. டென்வரின் கூர்ஸ் ஃபீல்ட் கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 5,200 அடி உயரம். அங்கே வளைபந்து சரியாக வளையாது. பாஸ்டன் ஃபென்வேயில் இடது சுவர் 37 அடி உயரம். வேறு ஊரில் கேட்ச் ஆகும் பந்து அங்கே சுவரில் பட்டு டபுள் (பேட்டர் இரண்டாவது பேஸ் வரை போகும் அடி) ஆகும். கூரை மூடிய மைதானம் என்றால் காற்றை விட்டுவிடலாம்.

மழை வாய்ப்பு இருந்தால் அதையும் சொல்லுங்கள். ஆட்டம் ஒரு மணி நேரத்துக்கு மேல் நின்றால் தொடக்கப் பிட்சர் பெரும்பாலும் திரும்பி வரமாட்டார். புல்பென் கணக்கு அப்போது முழுக்க மாறும்.

படி 7: பிளேட் அம்பயர்

பிளேட் அம்பயர் யார் என்பதைத் தொடரின் இரண்டாவது ஆட்டத்திலிருந்து முன்கூட்டியே ஊகிக்கலாம்: இன்றைய ஆட்டத்தில் முதலாவது பேஸில் நிற்கும் அம்பயர் நாளை பிளேட்டுக்குப் பின்னால் நிற்பார். 2026ஆம் ஆண்டிலிருந்து, வீசிய பந்து ஸ்ட்ரைக்கா இல்லையா என்ற தீர்ப்பை எதிர்த்து முறையிட அணிக்கு இரண்டு வாய்ப்பு உண்டு; முறையீடு சரியாக இருந்தால் அந்த வாய்ப்பு குறையாது. அம்பயரைப் பற்றி ஒரு வரிக்கு மேல் வேண்டாம்.

படி 8: எழுதுங்கள்

சேகரித்ததில் பாதியைத் தூக்கிப் போட வேண்டும். இந்த ஆட்டத்தை எந்த இரண்டு கேள்விகள் தீர்மானிக்கும் என்று முடிவுசெய்து அவற்றை மேலே வையுங்கள். கற்பனையாக ஒரு பத்தி:

"தென்மேற்கிலிருந்து மணிக்கு 15 மைல் காற்று. கார்டினல்ஸின் வலதுகைத் தொடக்கப் பிட்சர் பந்தை வானத்தில் அடிக்கவிடுபவர், அவர் முன்னால் கப்ஸின் இடதுகை பேட்டர்கள் நான்கு பேர். அவர் ஐந்து இன்னிங்ஸைத் தாண்டினால் கார்டினல்ஸுக்கு நல்லது, ஏனென்றால் அவர்களுடைய புல்பென் முழு ஓய்வோடு இருக்கிறது. கப்ஸ் க்ளோசர் இரண்டு நாளில் 43 பந்து வீசியவர். கப்ஸ் ஜெயிக்க வேண்டுமானால் ரன்களை முதல் ஐந்து இன்னிங்ஸுக்குள் சேர்த்தாக வேண்டும்."

இதில் ஒவ்வொரு வரியும் அடுத்த வரிக்குக் காரணம். யார் ஜெயிப்பார் என்று சொல்லித்தான் ஆக வேண்டுமென்றால், சொந்த மைதான அணி நீண்டகாலமாக நூற்றுக்கு 53, 54 ஜெயிக்கிறது என்பதிலிருந்து தொடங்கி, மேலே கண்ட காரணங்களுக்காகக் கொஞ்சம் ஏற்றியோ இறக்கியோ சொல்லுங்கள். 60ஐத் தாண்ட வலுவான காரணம் வேண்டும்.

படி 9: கடைசி சில மணி நேரம்

லைன்அப் பெரும்பாலும் ஆட்டத்துக்கு இரண்டு மூன்று மணி நேரம் முன்னால் வெளியாகும். அப்போது காற்றையும் ஒரு முறை பாருங்கள். இடதுகை பேட்டர்கள் நான்கு பேர் என்று எழுதியிருந்து இரண்டு பேர்தான் இறங்கினால் அந்த வரியைத் திருத்துங்கள். தொடக்கப் பிட்சரே மாறிவிட்டால் பெயரை மட்டும் மாற்றி விட்டுவிடாதீர்கள். கை மாறினால் எதிரணி லைன்அப் மாறும், வந்தவர் நீண்ட நேரம் வீசாதவர் என்றால் புல்பென் கணக்கும் மாறும். படி 3, 4, 5 மூன்றையும் புதிதாகச் செய்து, பதிவின் மேலேயே "தொடக்கப் பிட்சர் மாற்றம்" என்று நேரத்தோடு குறிப்பிடுங்கள்.