அப்பீல் நாள் தாண்டிப்போச்சா? டிலே பெட்டிஷன் போடுத முறை

கேஸ்ல தோத்தாச்சு, அப்பீல் நாளும் தாண்டிருச்சு, இனி என்ன செய்யன்னு மனசு விட்டு உக்காந்துருதவங்க நம்ம பக்கம் நெறைய பேரு. பாளையங்கோட்டையில வக்கீல் குமாஸ்தாவா இருக்கதால அப்படி வாரவங்கள அடிக்கடி பாக்கேன். வழி இருக்குங்க, அவங்களுக்காகத்தான் எழுதுதேன்.

மொதல்ல நெசமாவே தாண்டிருச்சான்னு எண்ணிப் பாருங்க. சிவில்ல முன்சீப் கோர்ட் டிகிரி (தீர்ப்புப்படி எழுதுத தீர்ப்பாணை) மேல சப் கோர்ட்டுக்கோ ஜில்லா கோர்ட்டுக்கோ அப்பீல்னா 30 நாள், மதுரை கிளை ஐகோர்ட்டுக்குன்னா 90 நாள். தீர்ப்பு சொன்ன அன்னைக்கு கணக்குல சேராது, தீர்ப்பு நகல் கேட்டு மனு போட்டதுலருந்து நகல் ரெடியாகுத வரைக்கும் ஆன நாளும் சேராது. சர்டிபைடு காப்பியில சீல் குத்தி மனு போட்ட நாள், ஸ்டாம்ப் கேட்ட நாள், கட்டின நாள், ரெடியான நாள்னு வரிசையா தேதி எழுதிருக்கும்லா, அத வச்சுத்தான் கணக்கு. ரெடியான பொறவும் நீங்க போய் வாங்காம கெடந்த நாளுக்கு கழிவு கெடையாது. டிகிரி இன்னும் தயாராகலன்னு நகல் மனுவே போடாம இருந்தா அந்த நாளும் ஓடிட்டேதான் இருக்கும், அதனால தீர்ப்பு சொன்ன அன்னைக்கே மனுவ போட்டுருங்க. கடைசி நாள் கோர்ட் லீவுன்னா தொறக்குத அன்னைக்கு போடலாம்.

தாண்டிருச்சுன்னா வழி, 1963 லிமிடேஷன் சட்டம் (கேஸ் போட நாள் கெடு சொல்லுத சட்டம்) 5வது பிரிவு. அப்பீலோடயே தாமதத்த மன்னிக்கச் சொல்லி பெட்டிஷனும் (அதான் டிலே பெட்டிஷன்), காரணத்தச் சொல்லி சத்தியம் பண்ணி எழுதுத அபிடவிட்டும் வைக்கணும். கோர்ட் எத்தன நாள்னு மட்டும் பாக்காது, காரணம் நம்புத மாதிரி இருக்கான்னு பாக்கும். 1998ல பாலகிருஷ்ணன் கேஸ்ல, எக்ஸ்பார்ட்டி டிகிரிய (ஒரு தரப்பு வராததால ஒருதலையா சொன்னது) ரத்து பண்ணப் போட்ட மனு தள்ளுபடியானத மாத்த 883 நாள் லேட்டா வந்தவருக்கு, வக்கீல் கவனிக்காம விட்டுட்டாருங்கத காரணத்த ஏத்து சுப்ரீம் கோர்ட் மன்னிச்சிருக்கு. 2012ல தபால் துறை 427 நாள் லேட்டா வந்து, பைல் மேஜை மேஜையா போச்சுன்னு சொன்னப்போ தள்ளிட்டாங்க. கவர்மெண்டுக்கே அப்படி.

அபிடவிட்லதான் எல்லாமே இருக்கு. ஆத்தங்கரையோரம் வீடு உள்ள ஒரு அண்ணாச்சி மஞ்சப்பையோட வந்தாங்க, 2023 டிசம்பர் 17, 18 வெள்ளத்துல தாமிரபரணி தண்ணி வீட்டுக்குள்ள ஏறி கேஸ் கட்டு பூரா நனைஞ்சு, வெயில்ல காய வச்சதுல பேப்பரெல்லாம் ஒண்ணோடொண்ணு ஒட்டி அப்பளம் மாதிரி மொறுமொறுன்னு இருந்துச்சு. மஞ்சக்காமாலைன்னு ஒரு சர்டிபிகேட் வாங்கி வச்சிரலாம்னு யாரோ சொல்லிக் குடுத்திருக்காங்க. வேண்டவே வேண்டாம்னேன், குறுக்கு விசாரணையில அந்த டாக்டரு யாரு, எங்க பாத்தீங்கன்னு கேட்டா அம்புட்டும் போச்சு. உள்ளத உள்ளபடி, வெள்ளம் வந்த தேதி, வீட்டுக்குத் திரும்பின தேதி, வக்கீலப் பாத்த தேதின்னு எழுதி, நிவாரண டோக்கன், போட்டோ, அந்த ஒட்டின கட்டு எல்லாத்தையும் வச்சோம். எதிர்தரப்புக்குக் கொஞ்சம் காஸ்ட் (செலவுத் தொகை) கட்டச் சொல்லி அனுமதிச்சாங்க.

ஆஸ்பத்திரின்னா டிஸ்சார்ஜ் சம்மரி, வெளிநாட்டுல இருந்தீங்கன்னா பாஸ்போர்ட் முத்திரை, தெரியாம வேற கோர்ட்ல போட்டு நாள் போச்சுன்னா அந்தக் கோர்ட் ஆர்டர். வெறுமன "உடல்நலக் குறைவால்"னு ஒரு வரி எழுதினா நிக்காது. காரணம் முடிஞ்ச பொறவு சும்மா இருந்த நாளுக்கும் பதில் வேணும், நெறைய பெட்டிஷன் அங்கதான் அடிபடுது.

எல்லாத்துக்கும் இந்த 5வது பிரிவு வராது. புதுசா போடுத வழக்குக்கு கெடையாது. ஆர்பிட்ரேஷன் (கோர்ட்டுக்கு வெளிய நடுவர் வச்சு முடிக்கது) தீர்ப்ப எதிர்க்க 3 மாசம், மேல 30 நாள் வரைக்கும்தான் மன்னிப்பு, அதுக்கு மேல யாராலயும் முடியாது.

இன்னொண்ணு, டிலே பெட்டிஷன் முடிஞ்சு அப்பீல எடுக்குத வரைக்கும் டிகிரிக்கு ஸ்டே (தடை உத்தரவு) கெடைக்காது. அதுக்குள்ள எதிர்தரப்பு ஈபி (டிகிரிய நிறைவேத்தச் சொல்லுத மனு) போட்டு அமீனாவோட (கோர்ட் ஊழியர்) வாசல்ல வந்து நிக்கலாம். நாளைக்கு பாப்போம்னு இருக்காம, கட்ட எடுத்துட்டு இன்னைக்கே வக்கீல் வீட்டுக்குக் கெளம்புங்க.