தவணை சொல்லாத கணக்கு: வீட்டுக்கடனில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

வீட்டுக்கடன் வாங்கப் போகிறவர் முதலில் கேட்பது, "மாதம் எவ்வளவு வரும்?" என்றுதான். கேட்க வேண்டிய கேள்விதான், சம்பளத்துக்குள் அடங்குமா என்று பார்த்தாக வேண்டுமே. ஆனால் பெரும்பாலானோர் அதோடு நிறுத்திவிடுகிறார்கள். "கடைசிவரை மொத்தம் எவ்வளவு கட்டுவேன்? அசலில் இன்னும் எவ்வளவு பாக்கி?" என்ற இரண்டையும் கேட்பவர்கள் குறைவு. கீழே சொல்லப்போகிற தவறுகளில் முக்கால்வாசி இங்கிருந்துதான் கிளம்புகின்றன.

பேச்சுக்கு ஒரு கடனை வைத்துக்கொள்வோம். தொகை 10 லட்சம், வட்டி ஆண்டுக்கு 9 சதவீதம், ஒவ்வொரு மாதமும் மீதமிருக்கும் அசலுக்கு மட்டும் வட்டி. எந்த நாட்டுப் பணமாகவும் இருக்கட்டும். உங்கள் கடன் 30 லட்சம் என்றால் எல்லாவற்றையும் மூன்றால் பெருக்கிக்கொள்ளுங்கள். வட்டி வேறாக இருந்தால் எண்கள் மாறும், போக்கு மாறாது.

தவணை குறைந்தால் செலவு குறைந்தது என்று நினைப்பது

இந்தக் கடனை 15 ஆண்டுகளில் அடைத்தால் மாதத் தவணை 10,143. மொத்தம் கட்டுவது 18.26 லட்சம். 20 ஆண்டுகள் என்றால் தவணை 8,997, மொத்தம் 21.59 லட்சம். 30 ஆண்டுகளுக்கு இழுத்தால் தவணை 8,046, மொத்தம் 28.97 லட்சம்.

இருபதிலிருந்து முப்பதுக்குப் போகும்போது மாதம் 951 மிச்சமாகிறது. அந்தச் சலுகைக்குக் கொடுக்கும் விலை 7.37 லட்சம். சரி, இன்னும் இழுத்து 40 ஆண்டுகள் ஆக்கினால்? தவணை 7,714. வெறும் 332தான் குறைகிறது. காரணம் எளியது. 10 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 7,500. நூறு ஆண்டுகளுக்கு இழுத்தாலும் தவணை அதற்குக் கீழே போக முடியாது. காலத்தை நீட்ட நீட்ட, தவணையில் அசலுக்கென்று இருக்கிற துண்டுதான் மெலிகிறது. வட்டி அசைவதே இல்லை.

அதனால் காலத்தைத் தேர்ந்தெடுக்கும்போது, "குறைந்த தவணை எது?" என்று கேட்காதீர்கள். "நான் மூச்சுத் திணறாமல் கட்டக்கூடிய அதிகபட்சத் தவணை எது?" என்று கேளுங்கள். விடை வேறாக இருக்கும்.

ஐந்து ஆண்டுகள் கட்டிவிட்டோம், கால்வாசி முடிந்தது என்று எண்ணுவது

நான் முதன்முதலாக என் கடன் அறிக்கையை வரி வரியாகப் படித்தது ஐந்தாவது ஆண்டில். அதுவரை, 20 ஆண்டில் 5 போய்விட்டது, கால் பாகம் தீர்ந்தது என்று ஒரு நிம்மதியில் இருந்தேன். அந்த நிம்மதி அன்றோடு போயிற்று.

நம் உதாரணக் கடனில் முதல் மாதம் கட்டும் 8,997இல் வட்டிக்கு 7,500 போகிறது, அசலுக்கு 1,497. ஐந்து ஆண்டுகளில் ஏறத்தாழ 5.40 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசல் குறைந்திருப்பது 1.13 லட்சம்தான், பாக்கி 8.87 லட்சம். தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 12 ஆண்டுகள் கடந்த பிறகு. அசல் பாதியாகக் குறைய 14 ஆண்டுகள் ஆகும்.

இதில் கடன் கொடுப்பவரின் சூழ்ச்சி எதுவும் இல்லை. பாக்கி அதிகமாக இருக்கும்போது வட்டியும் அதிகம், அவ்வளவுதான். ஆனால் இது தெரியாமல் இருந்தால் விளைவு உண்டு. ஆறேழு ஆண்டுகளில் வீட்டை விற்று வேறு வீட்டுக்குப் போகும் எண்ணம் உள்ளவர்கள், "நிறைய அடைத்துவிட்டோம், கையில் நல்ல தொகை மிஞ்சும்" என்று கணக்குப் போட்டு ஏமாறுவது இதனால்தான். கடன் வாங்கும்போதே மாதவாரியான அட்டவணையைக் கேட்டு வாங்கி, நீங்கள் அந்த வீட்டில் எத்தனை ஆண்டு இருப்பீர்கள் என்று நினைக்கிறீர்களோ அந்த வரிக்கு நேரே பாக்கி என்னவென்று பார்த்துவிடுங்கள்.

வட்டி ஏறியும் தவணை மாறவில்லையே என்று சந்தோஷப்படுவது

என்னைக் கேட்டால் இருப்பதிலேயே விலை கூடிய தவறு இதுதான். சத்தமே இல்லாமல் நடக்கும்.

மாறும் வட்டியில் கடன் வாங்கியிருந்தால், வட்டி ஏறும்போது இரண்டு வழிகள் உண்டு. தவணையை ஏற்றலாம், அல்லது தவணையை அப்படியே வைத்துக் காலத்தை நீட்டலாம். பல இடங்களில் இரண்டாவதுதான் தானாக நடக்கிறது. வங்கிக் கணக்கிலிருந்து போகும் தொகை மாறாததால் கடன் வாங்கியவருக்கு எதுவும் உறைப்பதில்லை.

நம் 20 ஆண்டுக் கடன் தொடங்கிய சில நாட்களிலேயே வட்டி 9இலிருந்து 10 சதவீதம் ஆகிறது என்று வையுங்கள். தவணை அதே 8,997. இப்போது கடன் முடிய 240 மாதங்கள் போதாது, 314 மாதங்கள் ஆகும். ஒரு சதவீதத்துக்கு ஆறு ஆண்டுகளுக்கும் மேல்! 10.5 சதவீதம் ஆனால் ஏறத்தாழ 413 மாதங்கள். 11 சதவீதம் ஆகிவிட்டால் கதையே வேறு. ஒரு மாத வட்டி 9,167. நீங்கள் கட்டும் தவணை வட்டிக்கே போதவில்லை, கடன் குறைவதற்குப் பதிலாக வளரும்.

இதற்கு மாற்று என்ன? வட்டி 10 ஆனபோது காலத்தை 20 ஆண்டிலேயே நிறுத்தித் தவணையை 9,650 ஆக்கச் சொல்வது. மாதம் 653 கூடுதல். அதைக் கட்டினால், காலத்தை நீட்டுவதைவிட மொத்தத்தில் 5 லட்சத்துக்குச் சற்று மேல் மிச்சம்.

வட்டி அவ்வளவு வேகமாக ஏறுமா என்று தோன்றலாம். ஏறியிருக்கிறது. இந்தியாவில் ரெப்போ விகிதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி, 2022 மே தொடக்கத்தில் 4 சதவீதம், 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம். பிரிட்டனின் மத்திய வங்கியான இங்கிலாந்து வங்கியின் விகிதம் 2021 டிசம்பர் தொடக்கத்தில் 0.1 சதவீதம், 2023 ஆகஸ்டில் 5.25 சதவீதம். அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் ஒரே வட்டி என்ற கடன் பரவலாக இருப்பதால், ஏற்கெனவே வாங்கியவர்கள் இதிலிருந்து தப்பினார்கள். முதல் இரண்டு அல்லது ஐந்து ஆண்டுகளுக்கு மட்டும் நிலையான வட்டி, அப்புறம் புதிதாக நிர்ணயம் என்ற முறையுள்ள இடங்களில், அந்தக் கெடு முடிந்தவர்களுக்குத் தவணை ஒரே நாளில் எகிறியது. ஆகவே விளம்பரத்தில் இருக்கும் வட்டியைப் பார்க்கும்போது, அது எத்தனை மாதங்களுக்கு, அதற்குப் பிறகு எதை ஒட்டி மாறும் என்பதையும் பாருங்கள். கையெழுத்துப் போடுமுன் இரண்டு சதவீதம் கூட்டி ஒருமுறை தவணையைக் கணக்கிட்டுப் பாருங்கள். அப்போதும் தாங்க முடிந்தால் சரி.

வட்டி குறைவு என்று கடனை மாற்றி, காலத்தை மறுபடி முதலிலிருந்து தொடங்குவது

ஐந்து ஆண்டுகள் கழித்து இன்னொரு இடத்தில் 8.5 சதவீதத்துக்குத் தருகிறார்கள். பாக்கி 8.87 லட்சத்தை அங்கே மாற்றுகிறீர்கள். புதுக் கடனுக்குக் காலம் 20 ஆண்டுகள் என்று எழுதுகிறார்கள். தவணை 7,698. மாதம் 1,300 குறைந்தது, வட்டியும் குறைந்தது, இதில் என்ன தவறு?

பழைய கடனையே தொடர்ந்திருந்தால் மீதி 15 ஆண்டுகளில் கட்ட வேண்டியது 16.20 லட்சம். புதுக் கடனில் 20 ஆண்டுகளில் கட்டப்போவது 18.48 லட்சம். வட்டி குறைந்தும் 2.28 லட்சம் கூடுதல். அதே 8.5 சதவீதத்துக்கு மாறி, காலத்தை 15 ஆண்டுகளாக வைத்திருந்தால் தவணை 8,735, மொத்தம் 15.72 லட்சம். 47 ஆயிரம் மிச்சமாகியிருக்கும். அதிலிருந்தும் மாற்றும் செலவைக் கழிக்க வேண்டும்: புதிய கட்டணங்கள், சட்டக் கருத்து, பத்திரப் பதிவு எனச் சில்லறையாகச் சேரும். மாறுவது தவறில்லை. மாறும்போது காலம் எவ்வளவு என்று எழுதுகிறார்கள் என்பதைப் பார்க்காமல் இருப்பதுதான் தவறு.

முன்கூட்டி அடைப்பதில் இரண்டு பக்கமும் சறுக்குவது

கையில் ஒரு லட்சம் வருகிறது. முதலாண்டின் முடிவில் அதை அசலில் கட்டிவிட்டு, தவணையை மாற்றாமல் தொடர்ந்தால் 50 தவணைகள் குறையும். வட்டியில் மிச்சம் ஏறத்தாழ 3.54 லட்சம். அதே ஒரு லட்சத்தைப் பத்தாம் ஆண்டின் முடிவில் கட்டினால் 25 தவணைகள்தான் குறையும், மிச்சம் 1.24 லட்சம்.

கட்டும்போது, "காலத்தைக் குறைக்கவா, தவணையைக் குறைக்கவா?" என்று கேட்பார்கள். சில இடங்களில் கேட்காமலே ஏதாவது ஒன்றைச் செய்துவிடுவார்கள். முதலாண்டில் கட்டி, தவணையைக் குறைக்கச் சொன்னால் மாதம் 917 குறையும், வட்டி மிச்சம் 1.09 லட்சத்தோடு நின்றுவிடும். அந்த 917ஐ மாதாமாதம் நீங்களே வேறெங்காவது உருப்படியாகப் போட்டு வைப்பீர்கள் என்றால் சரி. பெரும்பாலும் அது செலவாகிவிடும் என்பதுதான் நான் பார்த்தது.

இப்படிச் சொன்னதும், இருக்கிற சேமிப்பையெல்லாம் கொண்டுபோய்க் கடனில் கொட்டுகிறவர்களும் உண்டு. அதுவும் சறுக்கல்தான். வேலை போனால், முன்கூட்டிக் கட்டிய பணத்தைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்க முடியாது. ஆறு மாதச் செலவுக்கான தொகையைத் தொடாமல் வைத்துவிட்டு மிச்சத்தைக் கட்டுங்கள். ஆஸ்திரேலியா, இங்கிலாந்து போன்ற நாடுகளில் சேமிப்புக் கணக்கில் இருக்கும் பணத்தைக் கடன் பாக்கியில் கழித்து, மீதிக்கு மட்டும் வட்டி போடும் வகைக் கடன்கள் கிடைக்கின்றன. இந்தியாவில் ஓவர்டிராஃப்ட் வகை வீட்டுக்கடன்கள் ஏறக்குறைய இப்படித்தான் இயங்குகின்றன. பணமும் கையில், வட்டியும் குறைவு. ஆனால் வட்டி விகிதம் கொஞ்சம் கூடுதலாக இருக்கலாம், ஒப்பிட்டுப் பாருங்கள்.

அபராதத்தையும் விசாரியுங்கள். தனிநபர் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக்கடனை இந்தியாவில் முன்கூட்டி அடைத்தால் அபராதம் வாங்கக் கூடாது. ஜெர்மனியில் நிலையான வட்டிக் கடனை இடையில் முடித்தால் இழப்பீடு கட்ட வேண்டி வரும். உங்கள் ஒப்பந்தம் என்ன சொல்கிறதோ அதுதான் உங்களுக்கு.

கட்டணத்தைக் கடனோடு சேர்க்கச் சொல்வது

கடனுக்கான காப்பீடு 40,000 என்கிறார்கள். "கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடலாம், மாதம் 360தான் கூடும்." சேர்த்தால் 20 ஆண்டுகளில் அந்த 40,000க்கு நீங்கள் கொடுப்பது 86,000க்கும் மேல். காப்பீடு தேவைதான். அதைத் தனியாக வாங்க முடியுமா, ஆண்டுதோறும் கட்ட முடியுமா என்று கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

இரண்டு கடன்களை ஒப்பிடும்போது வட்டி விகிதத்தை மட்டும் வைத்து ஒப்பிடாதீர்கள். கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டுச் செலவு விகிதத்தைக் கேளுங்கள். பல நாடுகளில் அதைச் சொல்வது கட்டாயம். தட்டையான வட்டி என்று யாராவது சொன்னால் இன்னும் உஷாராக இருங்கள். நீங்கள் அடைத்துக்கொண்டே வந்தாலும் முழு அசலுக்கும் கடைசிவரை வட்டி போடும் முறை அது. 20 ஆண்டுகளுக்கு 5 சதவீதத் தட்டை வட்டி என்பது, குறையும் அசலுக்கான கணக்கில் ஏறத்தாழ 8 சதவீதம்.

மொத்த வட்டியைக் கூட்டிப் பார்த்துப் பயந்துபோவது

இதுவரை நானே பெரிய பெரிய மொத்தங்களைக் காட்டினேன், இப்போது நானே அதற்கு ஒரு தடை போடுகிறேன். இன்றைய 8,000மும் 30 ஆண்டு கழித்து வரும் 8,000மும் ஒன்றல்ல. விலைவாசியும் சம்பளமும் ஏற ஏற, மாறாத தவணையின் கனம் குறைந்துகொண்டே வரும். ஆகவே "இரண்டு மடங்கு கட்டுகிறோமே" என்ற அலறல் முழு உண்மையல்ல. கடன் வட்டியைவிட உறுதியாகக் கூடுதல் வருமானம், அதுவும் வரி போக, தரும் இடம் உங்களிடம் இருந்தால் அவசரமாக அடைக்க வேண்டியதில்லை. அப்படி உறுதியான இடம் அரிது என்பது வேறு விஷயம். மொத்தத் தொகை இரண்டு திட்டங்களை ஒப்பிடத்தான் உதவும், வாடகையா சொந்த வீடா என்ற கேள்விக்கு அது மட்டும் விடையாகாது.

அந்தக் கேள்விக்குக் கடனுக்கு வெளியே இருக்கும் செலவையும் சேர்க்க வேண்டும். சொத்து வரி, பராமரிப்பு, வீட்டுக் காப்பீடு, கூரையும் குழாயும் பழுதாகும்போது ஆகும் செலவு. கடன் ஒருநாள் முடியும், இவை முடியாது. தவணை மட்டுமே சம்பளத்தின் விளிம்பைத் தொடுகிறது என்றால் அந்த வீடு உங்கள் சக்திக்கு மீறியது.

கடைசித் தவணையோடு எல்லாம் முடிந்தது என்று விட்டுவிடுவது

கடன் தீர்ந்ததும் பாக்கி இல்லை என்ற சான்றிதழை எழுத்தில் வாங்குங்கள். அடமானமாகக் கொடுத்த மூலப்பத்திரங்களை, கொடுத்தபோது எழுதிய பட்டியலோடு ஒப்பிட்டுத் திரும்பப் பெறுங்கள். அப்புறம் சொத்துப் பதிவேட்டில் கடன் கொடுத்தவர் பெயரில் இருக்கும் அடமானக் குறிப்பை நீக்கச் செய்யுங்கள். பல இடங்களில் இது தானாக நடப்பதில்லை. பத்தாண்டு கழித்து வீட்டை விற்கப் போகும்போது, தீர்ந்துபோன கடன் பதிவேட்டில் இன்னும் உயிரோடு இருந்தால், கடன் கொடுத்த நிறுவனம் அதற்குள் வேறொன்றோடு இணைந்திருந்தால், அந்த ஒரு காகிதத்துக்காக மாதக்கணக்கில் அலைய வேண்டியிருக்கும்.