வின்னபேகோ ஏரியில் ஸ்டர்ஜன் மீனுக்குப் போகிறவர்கள் செய்யும் தவறுகள்

அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் இருக்கும் வின்னபேகோ ஏரி பிப்ரவரியில் உறைந்து கிடக்கும். பனிக்கட்டியை அறுத்துத் துளை போட்டு, அதன்மேல் இருட்டுக் கொட்டகை ஒன்றை நிறுத்தி, உள்ளே ஈட்டியோடு மணிக்கணக்கில் தண்ணீரையே பார்த்தபடி உட்கார்ந்திருப்பார்கள். அங்கே ஸ்டர்ஜன் பிடிப்பது இப்படித்தான். பருவம் முழுக்க ஒருவருக்கு ஒரே மீன்தான். பல வருடம் காத்திருந்தும் ஒன்றைக்கூடக் காணாதவர்கள் உண்டு.

முதல் தவறு ஏரிக்குப் போவதற்கு முன்பே நடந்துவிடுகிறது. பருவம் பிப்ரவரியில்தானே, அப்போது லைசென்ஸ் வாங்கிக்கொள்ளலாம் என்று இருந்துவிடுகிறார்கள். பொதுவாக அதற்குக் கடைசி நாள் முந்தைய அக்டோபர் 31. மேல்பக்கத்து ஏரிகளான பட் டே மோர், வின்னகோனி, பாய்கன் ஆகியவற்றுக்குக் குலுக்கலில் பெயர் வந்தால்தான் போக முடியும்.

பிப்ரவரியின் இரண்டாவது சனிக்கிழமை தொடங்கினால் 16 நாள் இருக்கிறது, கடைசி வாரம் போகலாம் என்று கணக்குப் போடுவதும் ஆபத்து. 16 நாள் என்பது உச்ச வரம்பு மட்டுமே. ஆண் மீன், முதிராத பெண் மீன், முதிர்ந்த பெண் மீன் என மூன்றுக்கும் தனித்தனி உச்ச எண்ணிக்கை உண்டு. அதில் ஏதாவது ஒன்று நிரம்பினாலும் பருவம் முன்கூட்டியே முடியும். காரணம் எளிது. பெண் ஸ்டர்ஜன் முதல்முறை முட்டையிட 20 வயதுக்கு மேல் ஆகிறது, அப்புறமும் சில ஆண்டுகளுக்கு ஒருமுறைதான் முட்டையிடும். அப்படி ஒரு மீன் போனால் ஈடுகட்ட ஒரு தலைமுறைக் காலம் ஆகும்.

எனக்கு எல்லாவற்றையும்விட வருத்தம் தருவது கண்ணளவை நம்பி எறிவது. குறைந்தபட்ச நீளம் 36 அங்குலம். தூண்டிலில் சிக்கியது சிறிதாக இருந்தால் அவிழ்த்து விடலாம், ஈட்டி பட்டதை விட முடியாது. தண்ணீருக்குள் பார்க்கும்போது அளவு ஏமாற்றும். அதனால் நீளம் தெரிந்த வெள்ளைக் குழாய் ஒன்றைக் கயிற்றில் கட்டி அடியில் இறக்கி வைத்தால், அதைத் தாண்டிப் போகும் மீனை ஒப்பிட்டுப் பார்க்கலாம். நீங்கள் கிளம்பும்போது குழாயை எடுத்துவிடுங்கள். சந்தேகம் வந்தால் எறியாதீர்கள்.

மீன் கிடைத்த சந்தோஷத்தில், யார் பிடித்தது என்று காட்டும் அடையாளச் சீட்டான டேக்கை மீனில் கட்ட மறப்பவர்களும், நண்பரின் டேக்கை மாட்டிவிடுபவர்களும் இருக்கிறார்கள். எறிந்தவரின் டேக்தான் செல்லும், அதையும் உடனே கட்ட வேண்டும். பனியிலேயே மீனை அறுத்துச் சுத்தம் செய்வதும் கூடாது. அன்றைக்கே முழு மீனாகப் பதிவு நிலையத்துக்குக் கொண்டுபோக வேண்டும். நீளம், எடை, ஆணா பெண்ணா, முதிர்ந்ததா என்று அங்கே பார்த்துப் பதிகிற தகவல்தான் அந்த மூன்று கணக்குகளுக்கும் அடிப்படை.

முதிர்ந்த பெண் மீனாக இருந்தால் உள்ளே முட்டை இருக்கலாம். அதை வீட்டில் சாப்பிடலாம். விற்கவோ பண்டமாற்று செய்யவோ கூடாது.