ஃபார்பிடன் ஐலேண்ட்: புத்தக விதியிலிருந்து வீட்டு விதிக்கு

ஐப்பசி, கார்த்திகையில் ஆந்திர எல்லையோரம் இருக்கும் எங்கள் ஆரம்பாக்கம் பக்கம் மழை பிடித்துக்கொண்டால் கலெக்டர் லீவு விடுவார், கரண்ட் போகும், ஆந்திரப் பக்கத்துத் தடாவிலிருந்தும் சூலூர்ப்பேட்டையிலிருந்தும் வந்த சொந்தக்காரப் பிள்ளைகள் வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடப்பார்கள். அந்த நேரத்துக்கென்றே செய்தது மாதிரி ஒரு போர்டு கேம் ஃபார்பிடன் ஐலேண்ட். இதில் ஒருவரை ஒருவர் ஜெயிப்பது கிடையாது. எல்லோரும் ஒரே கட்சி, எதிராளி தண்ணீர். மூழ்கிக்கொண்டிருக்கும் தீவிலிருந்து நான்கு புதையலையும் எடுத்துக்கொண்டு எல்லோரும் தப்ப வேண்டும். மேட் லீகாக் வடிவமைத்தது, கேம்ரைட் நிறுவனம் 2010-இல் வெளியிட்டது. இரண்டு முதல் நான்கு பேர், அரை மணி நேரம்.

கொஞ்ச நாள் ஆடியதும் எல்லா வீட்டிலும் சொந்த விதிகள் முளைக்கும். முளைக்கட்டும். ஆனால் இந்த ஆட்டத்தில் கை வைக்கக் கூடாத இடம் ஒன்று இருக்கிறது. அதைத் தொடாமல் மற்றதை எப்படி மாற்றுவது என்று புதிதாக ஆடுகிறவர்களுக்காக எழுதுகிறேன்.

படி 1: முதலில் புத்தகப்படி ஆடுங்கள்

24 டைல்களை (தீவின் இடங்களைக் காட்டும் சதுர அட்டைகள்) கலைத்து, வரிசைக்கு 2, 4, 6, 6, 4, 2 என்று பரப்பினால் தீவு. ஆளுக்கு ஒரு பாத்திரம் (இன்ஜினியர், பைலட் மாதிரி), இரண்டு புதையல் சீட்டு. டைலுக்கு ஒரு சீட்டு வீதம் இருக்கும் வெள்ளக் கட்டிலிருந்து ஆறு சீட்டைத் திருப்பி, அதில் பெயர் வந்த டைல்களை நனைந்த பக்கமாகப் புரட்டி வையுங்கள்.

உங்கள் முறை வந்தால் மூன்று செயல்கள். ஒரு டைல் நகரலாம். நிற்கும் இடத்தையோ பக்கத்து டைலையோ கரையேற்றலாம், அதாவது நனைந்ததைப் பழையபடி திருப்பலாம். அதே டைலில் நிற்கிறவருக்குச் சீட்டு கொடுக்கலாம். ஒரே வகையில் நான்கு சீட்டு சேர்ந்திருந்தால், அதற்குரிய டைலில் நின்று புதையலை எடுக்கலாம். பிறகு புதையல் கட்டிலிருந்து இரண்டு சீட்டு எடுக்க வேண்டும். கையில் ஐந்துக்கு மேல் வைத்திருக்கக் கூடாது. கடைசியாக, நீர்மட்ட அளவுகோல் காட்டுகிற எண்ணிக்கையில் வெள்ளச் சீட்டு. நனைந்த டைலின் பெயரே மறுபடி வந்தால் அந்த டைலும் சீட்டும் ஆட்டத்தை விட்டே போய்விடும். நான்கு புதையலையும் எடுத்து, எல்லோரும் ஃபூல்ஸ் லேண்டிங் டைலில் கூடி, ஒரு ஹெலிகாப்டர் சீட்டை இறக்கினால் வெற்றி.

ஆட்டத்தின் உயிர், அதாவது கை வைக்கக் கூடாது என்று சொன்ன இடம், எங்கே இருக்கிறது தெரியுமா? புதையல் கட்டில் இருக்கும் 28 சீட்டில் மூன்று, ‘வாட்டர்ஸ் ரைஸ்’. எங்கள் வீட்டில் அது ஏத்தச் சீட்டு. அது வந்தால் நீர்மட்டம் ஒரு படி ஏறும். அதோடு விடாது. இதுவரை கழித்துப்போட்ட வெள்ளச் சீட்டுகளை மட்டும் கலைத்து, கட்டின் மேலே வைக்க வேண்டும். அடியில் இல்லை, மொத்தக் கட்டோடு சேர்த்தும் இல்லை. சற்று முன் நனைந்த இடங்களே திரும்ப வரும் என்று அர்த்தம். டைல் மூழ்க மூழ்க வெள்ளக் கட்டும் மெலிந்துகொண்டே போவதால், மிச்சமிருக்கும் இடங்களின் முறை இன்னும் சீக்கிரமாக வரும்.

ஒரு கணக்கு போட்டுப் பாருங்கள். நான்கு பேர் ஆடினால் 8 சீட்டு கைக்குப் போய்விடும் (ஆரம்பக் கையில் ஏத்தம் வந்தால் திரும்பக் கட்டில் சேர்த்துக் கலைத்துவிட்டு வேறு சீட்டு எடுப்பதுதான் விதி). மீதி 20. முறைக்கு இரண்டு வீதம் பத்து முறையில் கட்டு காலி. அதற்குள் மூன்று ஏத்தமும் வந்தே தீரும். எப்போது வரும் என்பதுதான் தெரியாது.

படி 2: எதனால் தோற்றீர்கள் என்று பாருங்கள்

தோற்க நான்கு வழி. ஃபூல்ஸ் லேண்டிங் மூழ்கலாம். எடுக்காத புதையல் ஒன்றின் இரண்டு டைல்களும் போகலாம். ஒருவர் நிற்கும் டைல் மூழ்கி, நீந்திப் போகப் பக்கத்தில் டைல் இல்லாமல் போகலாம். நீர்மட்டம் அளவுகோலின் உச்சியில் இருக்கும் மண்டையோட்டைத் தொடலாம். கடைசி வகையில் தோற்பது அபூர்வம். புதிதாக ஆடுகிறவர்கள் பெரும்பாலும் இரண்டாவது வகையில்தான் போவார்கள், காரணமும் பெரும்பாலும் தண்ணீராக இருக்காது, சீட்டாக இருக்கும். ஒவ்வொரு புதையலுக்கும் ஐந்து சீட்டுதான், தேவை நான்கு. கை நிறைந்துவிட்டதென்று ஒரே வகையில் இரண்டைக் கழித்துவிட்டால், கட்டு தீர்ந்து மறுபடி கலைக்கிறவரை அந்தப் புதையலை எடுக்கவே முடியாது. சீட்டு கொடுக்கல் வாங்கல் சரியில்லாத வீட்டில் நீர்மட்டத்தைக் குறைத்து என்ன பயன்?

படி 3: சின்னப் பிள்ளைகளுக்காக இளக்குவது

ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். நான் சிபாரிசு செய்யும் வரிசை இது.

முதலில், பாத்திரத்தைக் குலுக்கல் முறையில் கொடுக்காமல் எடுத்துக்கொள்ள விடுங்கள். இன்ஜினியர் ஒரே செயலில் இரண்டு டைலைக் கரையேற்றுவார். மெசஞ்சர் எங்கிருந்தாலும் தன் சீட்டை யாருக்கும் கொடுப்பார். இந்த இரண்டும் ஆட்டத்தில் இருந்தாலே பாதி பாரம் குறைந்துவிடும். பைலட்டைச் சின்னப் பிள்ளைக்குக் கொடுங்கள். முறைக்கு ஒருதரம் எந்த டைலுக்கும் பறக்கலாம் என்பதைப் பிள்ளைகள் உடனே பிடித்துக்கொள்வார்கள்.

அது போதவில்லை என்றால் மூன்று ஏத்தச் சீட்டில் ஒன்றை எடுத்துப் பெட்டியில் போட்டுவிடுங்கள். பயம் இருக்கும், மூச்சு முட்டாது.

அடுத்தது எங்கள் வீட்டுக் ‘கைகொடு’ விதி. ஒருவர் நிற்கும் டைல் மூழ்கி, பக்கத்தில் இடமில்லாவிட்டால் உடனே தோல்வி என்பது ஏழு வயதுப் பிள்ளைக்கு அழுகையில்தான் முடியும். அதனால் இரண்டு கட்ட தூரத்துக்குள் நிற்கும் யாராவது ஒரு புதையல் சீட்டைக் கழித்து, மூழ்குகிறவரைத் தன் டைலுக்கு இழுத்துக்கொள்ளலாம். ஆட்டத்துக்கு ஒருமுறைதான்.

செய்யக் கூடாதது இரண்டு. ‘பாவம், அதே இடமே திரும்பத் திரும்ப வருது’ என்று வெள்ளக் கட்டு முழுவதையும் சேர்த்துக் கலைப்பது ஒன்று. அப்படிச் செய்தால் எந்த டைலைக் காப்பாற்றுவது என்று யோசிக்க ஒன்றுமே இருக்காது, வெறும் அதிர்ஷ்டம்தான் மிஞ்சும். ஆளுக்கு நான்கு செயல் கொடுப்பது இன்னொன்று. அதில் எல்லாவற்றையும் செய்ய முடிந்துவிடும், எதை விடுவது என்ற கேள்வியே எழாது.

படி 4: மேஸ்திரியை அடக்குவது

கூட்டாக ஆடும் எந்த ஆட்டத்துக்கும் உள்ள வியாதி இது. விதி நன்றாகத் தெரிந்த ஒருவர் சித்தாளை ஏவும் மேஸ்திரி மாதிரி எல்லோருடைய காயையும் தானே நகர்த்தச் சொல்வார். மற்றவர்கள் கை மட்டும்தான் ஆடும். புத்தக விதிப்படி சீட்டுகளை எல்லோரும் பார்க்கத் திறந்து வைப்பதால் மேஸ்திரிக்கு இன்னும் வசதி.

எங்கள் வீட்டில் நிலைத்த விதி: யாருடைய முறையோ அவர்தான் முதலில் தன் யோசனையைச் சொல்ல வேண்டும். மற்றவர்கள் அதுவரை கேள்வி மட்டும் கேட்கலாம். யோசனை சொன்ன பிறகு ஆளுக்கு ஒரு வாக்கியம் பேசலாம். முடிவு முறைக்காரருடையது.

இதன் பலனைப் பாருங்கள். சூலூர்ப்பேட்டைப் பையன் பைலட். ஃபூல்ஸ் லேண்டிங் நனைந்து கிடக்கிறது. என் வீட்டுக்காரர் வாயைத் திறந்தார், “டேய், பறந்து போய் அதைக் கரையேத்து...”

“ஆகு (தெலுங்கில் ‘பொறு’) மாமா. ஏத்தம் மூணும் வந்தாச்சு. புதையல் கட்டு இன்னும் மூணு முறைக்குத் தீராது, அதுவரை புது ஏத்தம் வராது. ஃபூல்ஸ் லேண்டிங் சீட்டு கழிச்சுப்போட்ட குவியல்ல கிடக்கு. வெள்ளக் கட்டுல இன்னும் பத்து சீட்டு இருக்கு, முறைக்கு மூணு. மூணு முறைக்கு அது வராது. நான் பறந்து போய்க் கிண்ணப் புதையலை எடுத்துட்டு வர்றேன்.”

கணக்கு சரி. மாமாவின் யோசனைப்படி போயிருந்தால் ஒரு செயலும் ஒரு பறத்தலும் வீண். இந்தக் கணக்கைப் போடப் பிள்ளைகளுக்கு வாய்ப்பு கொடுப்பதற்காகவே இந்த விதி.

பெரியவர்கள் மட்டும் ஆடும்போது இன்னும் இறுக்கலாம். சீட்டைக் கவிழ்த்து வைத்து, ‘என்னிடம் இரண்டு இருக்கிறது’ என்று வாயால் மட்டும் சொல்லுங்கள். பாதி ஆட்டத்தில் யாருக்கும் எண்ணிக்கை நினைவிருக்காது. முறைக்கு ஒரு நிமிடம் என்று போனில் டைமர் வைப்பதும் நடக்கும். எனக்கு அது பிடிக்காது, மழைநாளில் எதற்கு அவசரம்?

படி 5: தீவின் வடிவத்தை மாற்றுவது

கட்டோ விதியோ எதையும் தொடாமல் ஆட்டத்தைப் புதுசாக்கும் வழி இது. டைல் 24தான், பரப்பும் விதம் உங்கள் இஷ்டம்.

வழக்கமான வடிவத்தில் எந்த இரண்டு டைலுக்கும் இடையில் அதிகபட்சம் ஆறு நகர்வு, அதாவது இரண்டு முறை. ஐந்துக்கு ஐந்து சதுரம் போட்டு நடு டைலை விட்டுவிட்டால் சரியாக 24 வரும். மூலைக்கு மூலை எட்டு நகர்வு. கொஞ்சம்தான் கடினம், முதலில் இதை முயலுங்கள்.

அடுத்தது, எங்கள் பழவேற்காட்டு ஏரியை மனதில் வைத்துப் பரப்புவது. ஏழுக்கு ஏழு சதுரத்தின் விளிம்பு மட்டும், அதுவும் 24. நடுவில் தண்ணீர், சுற்றிலும் ஒற்றை டைல் அகலத்தில் மணல்திட்டு. எதிர்மூலைக்குப் போகப் பன்னிரண்டு நகர்வு, முழுசாக நான்கு முறை. ஒட்டியிராத இரண்டு டைல் மூழ்கினால் தீவு இரண்டு துண்டு. இதில் பைலட் இல்லாவிட்டால் பெரும்பாலும் கதை முடிந்தது. மூழ்கிய டைல்களைத் தாண்டி ஒரே செயலில் போகும் டைவருக்கு மதிப்பு வருவது இந்த வடிவத்தில்தான். வழக்கமான தீவில் அவரை யாரும் சீந்துவதில்லை. முதன்முறை இதை ஆடும்போது நீர்மட்டத்தை நோவிஸில், அதாவது இருப்பதிலேயே எளிய நிலையில், வையுங்கள். மிகக் கடினமான லெஜண்டரியில் வைத்துவிட்டு என்னைத் திட்டாதீர்கள்.

எனக்குப் பிடித்தது முகத்துவார வடிவம். மூன்றுக்கு நான்கு என இரண்டு திட்டுகள், திட்டுக்கு 12 டைல். ஒன்றின் ஓரத்து டைலும் மற்றதின் ஓரத்து டைலும் மட்டும் ஒட்டியிருக்கும்படி தள்ளி வையுங்கள். அந்த இரண்டு டைல்தான் வாசல். அதில் ஒன்று போனால் அக்கரை வேறு, இக்கரை வேறு. வாசலைக் காக்க ஒருவரை நிறுத்துவதா, எல்லோரும் புதையல் பக்கம் ஓடுவதா என்று முதல் முறையிலேயே வாக்குவாதம் தொடங்கும். ஒரு புதையலின் இரண்டு டைலும் ஒரே திட்டில் விழுந்தால் ஒன்றை மாற்றி வைத்துவிடுங்கள்.

படி 6: ஐந்து பேர், ஒரே ஆள்

பாத்திரம் ஆறு இருப்பதால் ஐந்தாவது ஆளையும் சேர்க்கலாம், காய்களுக்கும் பஞ்சமில்லை. ஆனால் கைக்கு 10 சீட்டு போய், கட்டில் 18தான் மிஞ்சும். ஒன்பது முறையில் கட்டு காலி, ஆளுக்கு இரண்டு முறைகூட முழுசாக வராது. சீட்டும் ஐந்து கையில் சிதறிக் கிடக்கும். அதனால் ஐந்து பேர் என்றால் மெசஞ்சர் கட்டாயம். இல்லாவிட்டால் பக்கத்து டைலில் நிற்கிறவருக்கும் சீட்டு கொடுக்கலாம் என்று தளர்த்துங்கள்.

தனியாக ஆட இரண்டு பாத்திரங்களை எடுத்து மாற்றி மாற்றி ஆடினால் போதும். மேஸ்திரி வேலை பார்த்தே தீருவேன் என்கிறவர்களுக்கு நல்ல போக்கிடம்.

படி 7: எழுதி வையுங்கள்

நடு ஆட்டத்தில் விதி பேசினால் சண்டைதான். ஒத்துக்கொண்ட விதியைத் தாளில் எழுதிப் பெட்டி மூடிக்குள் ஒட்டுங்கள். எங்கள் வீட்டில் தெலுங்கு மட்டும் படிக்கத் தெரிந்த பிள்ளைகளும் வருவதால் இரண்டு மொழியிலும் இருக்கிறது. ஒரு விதியை மூன்று ஆட்டம் பார்த்துவிட்டு, யாரும் அதைப் பயன்படுத்தவில்லை என்றால் அடித்துவிடுங்கள். ஏரிக்காற்றின் ஈரத்தில் சீட்டு ஊறி ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், கலைக்கவே வராது. பிளாஸ்டிக் உறை போட்டு வையுங்கள், தகரப் பெட்டியை ஜன்னல் ஓரம் விட வேண்டாம்.