காரைக்குடியில் இருந்தே டிவி காமெடி எழுத ஆரம்பிப்பது எப்படி?

உடனே சென்னைக்கு ரயில் ஏறாதீர்கள். கையில் பத்து காட்சிகளாவது எழுதி வைத்துக்கொண்டு, அப்புறம் பல்லவன் எக்ஸ்பிரஸைப் பிடிக்கலாம்.

காட்சிக்கு எங்கே போவது? உங்கள் வீட்டு வளவுக்குத்தான், அதாவது முற்றத்தைச் சுற்றிய இடத்துக்குத்தான். கல்யாணச் சீர் சாமான் எண்ணும்போது பக்கத்தில் உட்காருங்கள். பேரன் பட்டியலை வாசிக்க வாசிக்க அப்பத்தா ஒவ்வொரு தூக்குச்சட்டியாக நகர்த்துவார், பன்னிரண்டு இருக்க வேண்டிய இடத்தில் பதினொன்றுதான் இருக்கும், வீடே சல்லடை போட்டுத் தேடும், கடைசியில் சமையல்காரர் வந்து, "எல்லாரும் காபி குடிச்சீகளே, அது எதுல வந்துச்சு?" என்பார். அந்த வரிக்குப் பிறகு ஒரு வார்த்தைகூட எழுத வேண்டாம். ஆனால் காபித் தூக்கை முதல் நிமிடத்திலேயே நேயர் கண்ணில் காட்டிவிட வேண்டும், இல்லாவிட்டால் சிரிப்பு வராது.

அரை மணி நேர நிகழ்ச்சியில் விளம்பரம் போக ஏறக்குறைய 22 நிமிடம்தான் மிஞ்சும். பக்கத்துக்கு ஒரு நிமிடம் என்று தோராயமாகக் கணக்கு வைத்து, கூடுதலைத் தயங்காமல் வெட்டுங்கள்.

எழுதியதைத் திண்ணையில் நாலு பேருக்குச் சத்தமாக வாசித்துக் காட்டுங்கள், நாக்கு எங்கே தடுக்குகிறதோ அங்கே நடிகருக்கும் தடுக்கும். கோயில் திருவிழா, கல்லூரி விழா என்று மேடை கிடைத்தால் விடாதீர்கள். பொறியியல் படித்த கிரேசி மோகனும் மேடை நாடகம் எழுதித்தான் டிவிக்கும் சினிமாவுக்கும் போனார்.

சரி, வாய்ப்பு வந்துவிட்டதா? ஒரு எபிசோடுக்கு எவ்வளவு, எப்போது தருவார்கள், டைட்டிலில் பெயர் வருமா, மூன்றையும் எழுத்தில் வாங்கிக்கொண்டு பேனாவைத் திறங்கள்.