ஹட்டி நாடகக் கேசட்டுகள்: பூஞ்சை பிடிக்கும் முன் டிஜிட்டலுக்கு மாற்றும் முறை

நீலகிரியின் படுகர் ஹட்டிகளில் (படுகர் ஊர்களில்) மேடையேறிய நாடகங்களின் பாட்டும் வசனமும் பெரும்பாலும் கைப்பிரதி நோட்டுகளிலும், யாரோ மேடையோரம் டேப் ரெக்கார்டர் வைத்துப் பதிவு செய்த கேசட்டுகளிலும்தான் மிஞ்சியிருக்கின்றன. நோட்டை நிதானமாகப் படமெடுக்கலாம். கேசட் அதுவரை தாங்காது, அதில் முதலில் கை வையுங்கள்.

ஜனவரி முதல் மார்ச் வரை இதற்கு ஏற்ற காலம். அதன்பின் கூடலூர், ஊட்டிப் பக்கம் தென்மேற்குப் பருவமழை. குன்னூர், கோத்தகிரிப் பக்கம் வடகிழக்கு மழையும் சேர்ந்து நனைக்கும்.

கேசட்டின் நடுச் சன்னலில் டார்ச் அடித்துச் சுற்றின் விளிம்பைப் பாருங்கள். வெள்ளைப் பொடியோ நூல்போன்ற படலமோ தெரிந்தால் பூஞ்சை. அதை ஓடவிடாதீர்கள். டேப்பைப் படிக்கும் ஹெட்டில் ஒட்டி அடுத்த கேசட்டையும் கெடுக்கும், டேப்பும் அறுந்து போகலாம். முகக்கவசம் அணிந்து அதைத் தனிப் பையில் போடுங்கள். பிறகு காற்றுப்புகாத டப்பாவில் ஈரம் உறிஞ்சும் சிலிக்கா ஜெல்லுடன் 2, 3 வாரம் வையுங்கள். 15 கேசட்டுக்கு 200 கிராம் போதும். ஈரப் பூஞ்சையைத் துடைத்தால் டேப்பில் அப்பிக்கொள்ளும், காய்ந்தபின் மென்தூரிகையால் தட்டினாலே உதிரும். வெயிலிலோ அடுப்பு மேலோ காயவைத்தால் கேசட்டின் ஓடு கோணிவிடும்.

ஓட்டும் முன் மேல் விளிம்பில் உள்ள இரண்டு பிளாஸ்டிக் தடுப்புகளையும் உடைத்துவிடுங்கள், தவறி ரெக்கார்டு பட்டனை அழுத்தினாலும் அழியாது. ஒரு முறை முழுக்க முன்னும் பின்னும் சுற்றினால் இறுக்கம் தளரும். கேசட்டை ஓட்டும் டெக்கின் ஹெட்டை ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் நனைத்த பஞ்சால் துடையுங்கள்.

குரல் மூடியதுபோல் மங்கிக் கேட்கிறதா? டேப்பைக் குறை சொல்லாதீர்கள். பதிவு செய்த கருவியின் ஹெட் சாய்ந்திருந்திருக்கலாம். உங்கள் டெக்கில் ஹெட்டின் பக்கத்துச் சிறு திருகை மிக மெதுவாகத் திருப்பிப் பாருங்கள். ஜால்ராவின் ஓசை கூர்மையாகும் இடத்தில் நிறுத்துங்கள். பழைய பதிவு உயிர்பெறுவது பெரும்பாலும் இந்தக் கால் திருப்பில்தான்.

டெக்கைக் கணினியோடு இணைக்கும் ஆடியோ இன்டர்ஃபேஸ் வழியே 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் கோப்பாகப் பதியுங்கள். 1 மணி நேரத்துக்குச் சுமார் 1 ஜிபி ஆகும். உச்ச ஒலி மைனஸ் 6 டெசிபலைத் தாண்ட வேண்டாம். மூலக் கோப்பில் இரைச்சல் நீக்காதீர்கள், மென்பொருள் இரைச்சலோடு ஆர்மோனியத்தின் மெல்லிய சுரங்களையும் தின்றுவிடும்.

பிறகு ஊர்ப் பெரியவர்களோடு உட்கார்ந்து கேளுங்கள். எந்த நாடகம், எந்த ஹட்டி, பெண் வேடம் கட்டியவர் யார், ஆர்மோனியம் யார் என்பதை நிமிட எண்ணோடு குறியுங்கள். கேசட் அட்டையில் எழுதியிருப்பதை அப்படியே நம்ப வேண்டாம். மேலே வேறு நாடகத்தைப் பதிந்திருப்பார்கள்.

நீலகிரியின் பழங்குடிகளான கோத்தரின் இசை கிடைத்தால் கூடுதல் கவனம் வேண்டும். அவர்களிடம் தெய்வத்துக்கான மெட்டு வேறு, சாவுக்கான மெட்டு வேறு. கொள் குழலும் தபட்க் முழவும் ஒலிக்கிறது என்று எல்லாவற்றையும் இணையத்தில் ஏற்றிவிடாதீர்கள். எதை யார் கேட்கலாம் என்பதை அந்த ஊரார் சொல்லட்டும், அதையும் பட்டியலில் எழுதுங்கள்.

கோப்புகளின் மூன்று நகல்கள் வையுங்கள். ஒன்று மலைக்கு வெளியே, கோயம்புத்தூரிலோ வேறு ஊரிலோ இருக்கட்டும். மூலக் கேசட்டை வீசாமல், ஈரச் சுவரை ஒட்டாத அலமாரியில் நிமிர்த்தி வையுங்கள்.