“நேற்றும் போட்டிருப்பார்” என்று விட்டுவிடாதீர்கள்: ஈரல் நோயில் வரும் மூளைக் குழப்பம்

ஈரல் சுருங்கிய ஒருவர் இராத்திரி முழுக்க லயத்து வீட்டு வாசலில் உட்கார்ந்திருக்கிறார். காலையில் பெரட்டுக்கு, அதாவது வேலைக்குப் பேர் கொடுக்க, எழுப்பினால் எழும்புவதில்லை. எங்கள் தேயிலைத் தோட்டத்தில் உடனே வரும் பேச்சு, “நேற்றும் போட்டிருப்பார்.” என் சித்தப்பாவையும் அப்படித்தான் சொன்னோம். அவர் குடியை விட்டு எட்டு மாதமாகியிருந்தது.

குடலில் உண்டாகும் அமோனியா போன்ற நச்சுகளைப் பழுதான ஈரலால் அகற்ற முடியாது. அவை இரத்தத்தோடு மூளைக்குப் போகின்றன. பலருக்கு முதலில் கெடுவது தூக்கம், இரவு பகலாகிவிடும். அப்புறம் எரிச்சல், கவனக்குறைவு, நாள் கிழமை தவறுதல், முற்றினால் மயக்கம். சித்தப்பாவின் கையெழுத்து ஒத்துப்போகவில்லை என்று வங்கியில் படிவத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். கண்ணாடி மாற்ற வேண்டும்போல என்று நினைத்தோம்!

குடியைத் தொட்டே பார்க்காத, சீனி வருத்தமும் கொழுப்பு ஈரலும் உள்ள பெண்களுக்கும் இது வரலாம். அவர்களுக்கு முனி அடித்துவிட்டது என்று நூல் கட்டுவதிலேயே நாட்கள் போய்விடும்.

இதைவிடப் பெரிய தவறு, ஈரல் நோயாளி என்று தெரிந்ததும் எல்லாக் குழப்பத்தையும் ஈரலின் தலையில் கட்டுவது. மழைக்காலத்தில் பாசிபிடித்த லயத்துப் படியில் வழுக்கி விழுந்து, மண்டைக்குள் இரத்தம் கசிந்திருக்கலாம். சீனியோ சோடியமோ இறங்கியிருக்கலாம். குடியைச் சட்டென்று நிறுத்தினாலும் பிதற்றல் வரும். ஒரு பக்கக் கைகால் மட்டும் விழுந்தால் பக்கவாதமா என்றும் பார்க்க வேண்டும். அதனால் அவர் விழுந்தாரா என்பதை டொக்டர் கேட்காவிட்டாலும் சொல்லுங்கள்.

இந்தக் குழப்பமா என்று அறிய டொக்டர்கள் கைநடுக்கம் பார்க்கிறார்களே, அது இப்படித்தான்: பொலிஸ்காரர் வாகனத்தை மறிப்பதுபோல் இரண்டு கைகளையும் நீட்டி, மணிக்கட்டை நிமிர்த்தி, விரல்களை விரித்து அரை நிமிடம் பிடிக்க வேண்டும். கை திடீர் திடீரென்று தொய்ந்து மறுபடி நிமிரும். ஆனால் ஆரம்பத்தில் இது தெரியாது, ஆழ்ந்த மயக்கத்திலும் தெரியாது. சிறுநீரகம் பழுதானவருக்கும் வரக்கூடும். ஆகவே இதை மட்டும் வைத்து ஆம், இல்லை என்று முடிவுகட்ட முடியாது.

ஒரு நிமிடத்தில் எத்தனை மிருகங்களின் பெயர் சொல்கிறார் என்றும் பார்ப்பார்கள். பத்துகூட வராவிட்டால் கவலைப்பட வேண்டியதுதான். சரி, கேள்வி சிங்களத்தில் வந்தால்? கொழுந்து பறித்தே காலம் தள்ளிய பாட்டி தெளிவாக இருந்தாலும் விழிப்பார். தமிழில் கேட்கச் சொல்லுங்கள், கூச்சம் வேண்டாம்.

இரத்தத்தில் அமோனியா அளவு கூடியிருப்பதால் மட்டும் நோய் உறுதியாவதில்லை. அளவு சரியாக இருந்தால் வேறு காரணம் தேட வேண்டும். எடுத்த இரத்தத்தை ஐஸில் வைத்து உடனே சோதிக்காவிட்டால் எண் தானாகவே ஏறும். ஹட்டனில் எடுத்து, வளைவு வளைவாகக் கண்டிவரை சும்மா கொண்டுபோன இரத்தத்தை நம்பி என்ன பயன்?

நோயின் பெயர் தெரிந்ததும் நின்றுவிடக்கூடாது. குழப்பத்தைக் கிளப்பிவிட்டது எது? மலச்சிக்கலா, கறுப்பு மலமாக வெளிப்படும் இரத்தக் கசிவா, வயிற்றில் தேங்கிய நீரில் கிருமியா, சிறுநீர் போகக் கொடுக்கும் நீர் மாத்திரை அளவுக்கு மிஞ்சியதா? நாங்கள் செய்தது இன்னொன்று. பாவம், தூங்கட்டுமே என்று தூக்க மாத்திரை கொடுத்தோம். விடிந்ததும் எழுப்ப முடியவில்லை. 1990-க்கு அடித்து சுவசெரிய அம்புலன்ஸை வரவழைத்தோம்.

வார்டில் டொக்டர் முதலில் கேட்டது, “கடைசியாக எப்போது வெளிக்குப் போனார்?” சித்தியும் நானும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.